ரோபோவுக்குக் கோளாறு இல்லை

ரிப்பேர் கடையில் 'கோளாறு ஒன்றும் இல்லை' என்று சொன்னால் சந்தோஷப்படாத வாடிக்கையாளர் கிடையாது. பல்லைக் காட்டிக்கொண்டே சாமானைத் தூக்கிக்கொண்டு போய்விடுவார்கள். அந்த வார்த்தையைக் கேட்டு முகம் வெளிறிப்போன மனிதர் ஒரே ஒருவரைத்தான் நான் பார்த்திருக்கிறேன்.

எண்பதுகளின் நடுப்பகுதி அது. மலேசியாவின் ஈப்போ நகரில் ஒரு சீன முதலாளியின் ரேடியோ, டிவி ரிப்பேர் கடையில் வேலை பார்த்தேன். தவுக்கே என்றுதான் அவரைக் கூப்பிடுவோம். அதற்கு முன் கமுந்திங்கில் ஓர் எலெக்ட்ரானிக் ஃபேக்டரியில், சர்க்கியூட் பலகைகளைப் பூதக்கண்ணாடிக்குக் கீழே வைத்துச் சோதிக்கிற வேலை. அங்கே பழகிய கை என்பதால் தவுக்கே என்னைச் சேர்த்துக்கொண்டார். பொம்பளைப் பிள்ளை சாலிடர் பிடிக்கிறாள் என்று வருகிறவர்கள் வேடிக்கை பார்ப்பார்கள். சிலர் என்னைத் தாண்டி உள்ளே எட்டிப் பார்த்து, "ரிப்பேர் பண்ற ஆளு இல்லையா?" என்பார்கள். "ஆளு சாப்பிடப் போயிருக்கு, திரும்பி வர நாளாகும்" என்று ஒருவரிடம் சொல்லிவிட்டுத் தவுக்கேயிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். வாய்க் கொழுப்பு எனக்கு அப்போதும் உண்டு, இப்போதும் உண்டு.

அந்தச் சமயத்தில்தான் பிள்ளைகளோடு விளையாடுகிற ரோபோ ஒன்று கடைகளுக்கு வந்தது. முழங்கால் உயரம், காலுக்குப் பதில் சக்கரம், நெஞ்சில் கேசட் போட ஓர் அறை. அதைச் சாவி கொடுத்தால் ஓடுகிற பொம்மையோடு சேர்க்க முடியாது. பிள்ளை ஒரு வார்த்தையை மூன்று தடவை சொல்லிக் கொடுத்தால், அந்தக் குரலைப் பிடித்து ஞாபகத்தில் வைத்துக்கொள்ளும். பிறகு அதே பிள்ளை 'வா' என்றால் வரும், 'நில்லு' என்றால் நிற்கும். வேறு யார் தொண்டை கிழியக் கத்தினாலும் அசையாது. அதை விற்ற கம்பெனி ரிப்பேர் பொறுப்பைத் தவுக்கேயிடம் கொடுத்தது. கூடவே ஒரு கம்ப்யூட்டர், ஒரு கேபிள், ஒரு ஃப்ளாப்பி டிஸ்க். அந்த டிஸ்க்கில்தான் சோதனை புரோகிராம் இருந்தது.

கேபிளை ரோபோவின் முதுகில் செருகிவிட்டால் போதும். புரோகிராம் மோட்டாரைக் கேட்கும், விளக்கைக் கேட்கும், காதுக்குள் இருக்கும் மைக்கைக் கேட்கும், ஞாபகத்தைக் கேட்கும். ஒவ்வொன்றாகப் பச்சை எழுத்தில் பதில் ஏறும். அதன்மேல் எனக்கு மரியாதையும் உண்டு, எரிச்சலும் உண்டு. கேட்டதற்கு மட்டும்தான் பதில் சொல்லும். கேட்காததைப் பற்றி மூச்சு விடாது. சில ஆபீசர்களிடம் நான் பார்த்த அதே குணம்.

ஒரு வியாழக்கிழமை மத்தியானம், மழை இறங்குவதற்கு முன்னால் அவர் வந்தார். லாரி ஓட்டுகிறவர். பத்து காஜா டவுனுக்கு அந்தப் பக்கம் பழைய ரப்பர் தோட்டம் ஒன்றில் குடியிருந்தார். பால் மரங்களை வெட்டிச் செம்பனை நட்டாகிவிட்டது. லயத்து வீடுகளில் மட்டும் நம் ஆட்கள் இன்னும் இருந்தார்கள். ஒரு கையில் சாக்கில் சுற்றிய ரோபோ, மறு கையில் ஏழு வயது மகள். சாக்கின் வாயில் ஒரு கொத்து வேப்பிலை செருகியிருந்தது. பிள்ளையின் நெற்றி நிறையத் திருநீறு, மணிக்கட்டில் மஞ்சள் கயிறு. அப்பாவின் கையை அவள் பிடிக்கவில்லை. அவர்தான் அவளுடைய மணிக்கட்டைப் பிடித்திருந்தார்.

"தங்கச்சி, இது ரோசாக்கான்னு மட்டும் பாத்துச் சொல்லு லா. ரிப்பேர் வேணாம்."

"ரிப்பேர் வேணாமா? அப்புறம் எதுக்குண்ணே கொண்டாந்தீங்க?"

"ரோசாக்கா, இல்லையா. அது தெரிஞ்சா போதும்."

கெட்டுப்போயிருக்கிறதா என்று தெரிந்தால் போதும், சரிசெய்ய வேண்டாம். இப்படி ஒரு கிராக்கியை நான் பார்த்ததில்லை. ரோபோவின் நெஞ்சிலிருந்த கேசட்டை எடுத்து ஓரமாக வைத்துவிட்டுக் கேபிளைச் செருகினேன். மோட்டார் சரி. விளக்கு சரி. மைக் சரி. ஞாபகம் சரி. கடைசி வரியில் 'நோ ஃபால்ட்' என்று வந்தது.

"ஒண்ணும் ஆகலண்ணே. நல்லா இருக்கு."

அவர் மேசை விளிம்பைப் பிடித்துக்கொண்டார். "சரியாப் பாரு தங்கச்சி. இன்னொரு தடவ பாரு."

இன்னொரு தடவை பார்த்தேன். அதே பதில்தான். அவர் மகளை ஒரு ஸ்டூலில் உட்கார வைத்துவிட்டு, என்னைப் பழைய டிவிப் பெட்டிகள் அடுக்கியிருந்த மூலைக்கு அழைத்துப் போய்க் குரலைத் தாழ்த்தினார்.

சூப்பர்மார்க்கெட் லக்கி டிராவில் விழுந்த ரோபோவாம். மகள் அதைத் 'தம்பி' என்றுதான் கூப்பிடுவாள். தம்பி வா, தம்பி நில்லு என்று லயம் முழுக்க இழுத்துக்கொண்டு திரிவாள். அவள் சொன்னால் மட்டும் கேட்கிறது என்பது தோட்டத்துக்கே பெருமை. போன மாதம் பிள்ளையை ஆஸ்பத்திரியில் சேர்த்து ஆபரேஷன் செய்தார்கள். நல்லபடியாக வீட்டுக்கு வந்தாள். வந்த அன்றே ஓடிப்போய் 'தம்பி வா' என்றாள். அது திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அன்றிலிருந்து ஒரு நாளும் பார்க்கவில்லை.

"எங்கக்கா சொல்லுது, போன பிள்ள வேற, வந்த பிள்ள வேறயாம். ஆஸ்பத்திரில எத்தன உசுரு போவுது, ஏதோ ஒண்ணு பிள்ளமேல ஏறிக்கிட்டு வந்துருச்சுன்னு. நான் நம்பல. பொம்ம ரோசாக்கா இருக்கும்னு சண்ட போட்டேன். மனுசன் பொய் சொல்லுவான், மெஷினு பொய் சொல்லுமான்னு கேக்குது. நான் என்னா சொல்ல?"

"இப்ப என்ன பண்ணப் போறீங்க?"

"நாளைக்கு வெள்ளிக்கிழம. தோட்டத்துக் கோயில்ல பூசாரி வரச் சொல்லிட்டாரு. ரோசாக்குன்னு நீ சொன்னா நிப்பாட்டிறலாம்னுதான் வந்தேன்."

அவர் மேலே சொல்லத் தேவையில்லை. நான் பிறந்ததும் ஒரு தோட்டத்தில்தான். எழுபதுகளில், நான் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தபோது, எங்கள் லயத்தில் புதிதாகக் கல்யாணமாகி வந்த ஒரு பெண்ணைக் கோயில் முன்னால் உட்கார வைத்து 'நீ யார், நீ யார்' என்று கேட்டு அடித்தார்கள். முதலில் வேப்பிலை, அப்புறம் பிரம்பு. அவள் தன் பெயரைத்தான் சொன்னாள். சொல்லச் சொல்ல அடித்தார்கள். கடைசியில் வாய்க்கு வந்த ஏதோ ஒரு பெயரைச் சொன்ன பிறகுதான் விட்டார்கள். அடித்தவர்கள் கெட்டவர்கள் இல்லை. அவளுக்குக் கஞ்சி காய்ச்சிக் கொடுத்தவர்களும் அவர்கள்தான்.

இந்தப் பிள்ளைக்கு வயது ஏழு.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: எனக்கும் ஒரு கணம் முதுகு சிலிர்த்தது. ஸ்டூலில் ஆடாமல் அசையாமல் உட்கார்ந்திருந்த அவளைத் திரும்பிப் பார்க்கத் தயங்கினேன். பிறகு என்மேலேயே கோபம் வந்தது. அந்தக் கோபத்தோடுதான் திரும்பிப் போய்க் கேபிளை எடுத்தேன்.

கல்லாவிலிருந்த தவுக்கேக்குத் தமிழ் தெரியாது. ஆனால் முகங்களைப் படிக்கத் தெரியும். என்ன என்று கேட்டார். மலாயில் சொன்னேன். 'ஹந்து' என்ற சொல் என் வாயிலிருந்து விழுந்ததும், பேய்க்கும் தனக்கும் நடுவில் கல்லா இருக்கும்படி நாற்காலியைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டார். அப்புறம் எழுந்து போய்ச் சிவப்புச் சாமி மாடத்தில் ஊதுவத்தி ஏற்றிவிட்டு, "பாவா கெலுவார்!" என்று வாசலைக் காட்டினார். மழை கொட்டிக்கொண்டிருந்தது. நான் கேட்காத மாதிரி இருந்துவிட்டேன்.

புரோகிராமில் குரல் சோதனை என்று தனியாக ஒன்று உண்டு. பேசினால் திரையில் ஒரு பச்சைப் பட்டை நீளும். நடுவில் ஒரு கோடு நிற்கும். பேசுகிறவர் குரல், ஞாபகத்தில் இருக்கும் குரலோடு ஒத்துப்போனால் பட்டை அந்தக் கோட்டைத் தாண்டும், ரோபோ கேட்கும். தாண்டாவிட்டால் கேட்காது.

"பாப்பா, இங்க வந்து தம்பியக் கூப்பிடு பாப்போம்."

அவள் தலையை ஆட்டினாள். "வராது."

அதுதான் அவள் பேசிய முதல் வார்த்தை. தெளிவான, நல்ல வெண்கலக் குரல்.

"பரவால்ல, சும்மா கூப்பிடு."

"தம்பி வா" என்றாள். பட்டை எழும்பிக் கோட்டுக்கு வெகு முன்னாலேயே சுருண்டு விழுந்தது. ரோபோ கல்லாக நின்றது. அவர் பெருமூச்சு விட்டது என் பிடரியில் பட்டது.

மைக்கிலும் கோளாறில்லை, ஞாபகத்திலும் கோளாறில்லை. அப்புறம் எங்கே? ஓரமாக வைத்திருந்த கேசட் கண்ணில் பட்டது. அதில் என்ன இருக்கிறது என்று கேட்டேன். "அவ பேசுனது, பாடுனது. அதுலயே புடிச்சு வச்சிருப்பா" என்றார். கடையிலிருந்த கேசட் ரேடியோவில் போட்டேன்.

கொழுக்கட்டையை வாயில் அடக்கிக்கொண்டு பேசுகிற மாதிரி ஒரு பிள்ளைக் குரல். மூக்கும் தொண்டையும் அடைத்துக்கொண்டு, எந்த எழுத்தும் முழுசாக வெளியே வராத குரல். பள்ளிக்கூடத்துப் பாட்டு ஒன்றைப் பாடியது, யாரையோ திட்டியது, சிரித்தது. எனக்கு விளங்கிவிட்டது. "அண்ணே, பிள்ளைக்கு என்ன ஆபரேஷன்?" என்று கேட்பதற்குள் ரேடியோவிலிருந்து அந்தக் குரல், "தம்பி வா!" என்றது.

பட்டை கோட்டைத் தாண்டியது. ரோபோவின் கண் விளக்குகள் எரிந்தன. மேசைமேல் அப்படியே திரும்பி, மகள் நின்ற பக்கத்தை விட்டு, ரேடியோவை நோக்கி உருண்டது. மேசையிலிருந்து விழாமல் பிடித்து நிறுத்தினேன்.

கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதைதான். அவர் இரண்டு கையாலும் தலையில் அடித்துக்கொண்டார். "அதுதான் என் பிள்ள! அதுதான் என் பிள்ள!" என்று ரேடியோவைக் காட்டிக் கத்தினார். பெற்ற பிள்ளை பக்கத்தில் நிற்கிறாள். அவர் கை ரேடியோவைக் காட்டுகிறது. அவள் சத்தமில்லாமல் நழுவி, டிவிப் பெட்டிகளுக்குப் பின்னால் போய்விட்டாள்.

"என்ன ஆபரேஷன்னு கேட்டேண்ணே!"

"தொண்டையில சத. வெட்டி எடுத்தாங்க."

"அதான்! அடைச்சிக்கிட்டிருந்தது போச்சு, குரலு மாறிருச்சு. அவளோட பழைய குரலத்தான் இது தேடுது. பழச அழிச்சிட்டுப் புதுசா சொல்லிக் கொடுத்தா, முன்ன மாதிரியே கேக்கும்."

அவர் என்னைப் பார்த்த பார்வையில் கோபமில்லை, களைப்புத்தான் இருந்தது. "தங்கச்சி, அழிச்சிட்டுப் புதுசா சொல்லிக் கொடுத்தா எந்தப் பேயையும்தானே இது ஏத்துக்கும்?"

அவர் சொன்னதில் தப்பே கிடையாது. அழிக்கிற பட்டன் என் விரலுக்கடியில்தான் இருந்தது. அதை அழுத்தினால் ரோபோ அவளை ஏற்றுக்கொள்ளும், தோட்டம் ஏற்றுக்கொள்ளாது. மெஷினுக்குச் சோறு போட்டுச் சாட்சி சொல்ல வைத்தோம் என்பார்கள்.

பதில் இல்லாதபோது எனக்கு வருவது ஆத்திரம்தான். "அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய்தான், போங்க!" என்று கத்திவிட்டேன். அது எரிகிற தீயில் எண்ணெய் ஊற்றியதுபோல் ஆயிற்று. அவர் முதுகுக் கேபிளைப் பிடுங்கி, ரோபோவைச் சாக்கில் திணித்தார். வேப்பிலையை எடுத்து மறுபடியும் செருகினார். "வா, போலாம்" என்று மூலையைப் பார்த்துச் சொன்னார். அவள் வரவில்லை. அவர் அந்தப் பக்கம் நடந்தார்.

அவர் போனால் நாளைச் சாயங்காலம் என்ன நடக்கும் என்று எனக்குத் தெரியும். ஓடிப்போய்ச் சாக்கைப் பிடித்துக்கொண்டேன்.

"அண்ணே, ஒரே ஒரு தடவ. எனக்காக. அப்புறம் நான் ஒண்ணும் சொல்ல மாட்டேன். மெஷினு பொய் சொல்லாதுன்னு உங்கக்காதானே சொன்னாங்க? நீங்களே அதுக்கிட்டக் கேளுங்க."

ஏனோ நின்றார். சாக்கை என் கையில் விட்டார். ஞாபகத்தில் ஒரே ஓர் இடம் காலியாக இருந்தது. பிள்ளை சொல்லிக் கொடுத்த எதையும் தொடத் தேவையில்லை. கேபிளைச் செருகி, அந்த இடத்தைத் திறந்தேன்.

"மூக்க நல்லா இறுக்கிப் புடிச்சிக்குங்க. புடிச்சிக்கிட்டே 'தம்பி'ன்னு சொல்லுங்க. மூணு தடவ."

"என்னா வெளையாட்டு இது?"

"புடிங்கண்ணே!"

என் குரல் அதட்டலாகத்தான் இருந்திருக்க வேண்டும். பெரிய மீசையும் லாரிக்காரர் கையுமாக, அந்த மனிதர் மூக்கைப் பிடித்துக்கொண்டு "தப்பி" என்றார். இன்னும் இரண்டு தடவை "தப்பி, தப்பி" என்றார். வேறொரு நாளாக இருந்தால் விழுந்து விழுந்து சிரித்திருப்பேன். கல்லாவிலிருந்து தவுக்கே கழுத்தை நீட்டிப் பார்த்தார்.

"இப்ப அப்படியே கூப்பிடுங்க."

"தப்பி!" என்றார். பட்டை கோட்டைத் தாண்டியது. ரோபோ விளக்கைப் போட்டுக்கொண்டு அவர் பக்கம் திரும்பியது.

"இப்ப கையை எடுங்க. உங்க சொந்தக் குரல்ல கூப்பிடுங்க."

அவர் கையை எடுத்தார். "தம்பி" என்றார். பட்டை பாதியில் விழுந்தது. ரோபோ அசையவில்லை.

இது நடக்காமல் போயிருந்தால் எனக்கு அடுத்த வழி தெரியாது.

"தம்பி" என்றார் மறுபடியும். பிறகு கொஞ்சம் சத்தமாக. பிறகு குனிந்து, அதன் முகத்துக்கு நேராக, லாரிக்குப் பின்னால் ஆள் நிற்கையில் கத்துகிற குரலில், "தம்பி! டேய் தம்பி! நாந்தான்டா!" என்றார். அது கண் விளக்குகளை அணைத்துவிட்டு நின்றது. வீட்டுக்குள் விடாமல் வாசலில் நிறுத்தப்பட்டவர்போல் விழித்தார்.

"அண்ணே," என்றேன் மெதுவாக, "இப்ப உங்கமேல எது ஏறியிருக்கு?"

அவர் மீசையை, மூக்கை, தொண்டையை மெல்லத் தடவிப் பார்த்துக்கொண்டார்.

டிவிப் பெட்டிகளுக்குப் பின்னாலிருந்து அவள் வெளியே வந்தாள். கவுன் முழுக்கத் தூசி. ரோபோவை அவள் பார்க்கவே இல்லை.

"ஒங்களயும் அதுக்குத் தெரியலயாப்பா?"

"தெரியலம்மா."

"ஆனா நீங்க அப்பாதானே?"

"அப்பாதாம்மா."

அவள் அதை நன்றாக யோசித்தாள். புருவத்தைச் சுருக்கிக்கொண்டு, கணக்குப் போடுகிற பிள்ளைபோல யோசித்தாள். "அப்ப நானும் நாந்தானா?"

அவர் அப்படியே சிமெண்டுத் தரையில் உட்கார்ந்துவிட்டார். கையை நீட்டினார். இந்தத் தடவை அவர் மணிக்கட்டைப் பிடிக்கவில்லை, அவள்தான் வந்து மடியில் ஏறிக்கொண்டாள். "நீதாம்மா. நீயேதான். என் தங்கம்தான்" என்று சொல்லிச் சொல்லி அழுதார். நெற்றித் திருநீறெல்லாம் அவர் சட்டையில் அப்பியது. எனக்கும் கண்ணை மறைத்தது. துடைக்கவும் வெட்கமாக இருந்தது.

அவள் அழவில்லை. அவர் அழுது முடிக்கட்டும் என்று காத்திருந்தாள். பிறகு அந்தப் புதுக் குரலில், தெளிவாக, ஓர் எழுத்துகூட விழுங்காமல் கேட்டாள்.

"அப்ப நாளைக்கு என்னய அடிக்க மாட்டாங்கதானே?"

குரலைத் தாழ்த்தி, மூலைக்குப் போய், அவளுக்குத் தெரியாது என்று நினைத்துப் பேசியவர்கள் நாங்கள். அவர் அவள் தலையை நெஞ்சோடு அழுத்திக்கொண்டு, "மாட்டாங்கம்மா. அப்பா விடமாட்டேன்" என்றார். கல்லாவுக்குப் பின்னாலிருந்து வந்து நின்ற தவுக்கே, பிள்ளை என்ன சொன்னது என்று என்னிடம் மலாயில் கேட்டார். எனக்கு மலாய் நன்றாக வரும். அதை அவருக்குச் சொல்லத்தான் வாய் வரவில்லை.